பீனா பால்: ஆய்வுகள் எட்டிப்பார்க்காத படத்தொகுப்பு மேசை

ஜான் ஆபிரகாமின் ‘அம்ம அறியான்’ (1986) குறித்துத் தமிழிலும் மலையாளத்திலும் எழுதப்பட்டவை ஏராளம். ஒடேசா என்னும் கூட்டமைப்பு ஊர் ஊராகச் சென்று படங்களைத் திரையிட்டு, மக்களிடம் சில்லறை சில்லறையாகப் பணம் திரட்டிய வரலாறு அவற்றில் வரும். எழுபதுகளின் இடதுசாரி இளைஞர்களின் மனச்சோர்வு வரும். ஜானின் நாடோடி வாழ்வும் அவர் 1987 மே மாதம் கோழிக்கோட்டில் மாடியிலிருந்து விழுந்து இறந்ததும் தவறாமல் வரும். தமிழில் எழுதுபவர்கள் ‘அக்ரகாரத்தில் கழுதை’யையும் சேர்த்துக்கொள்வார்கள். இத்தனைக்கும் நடுவே, அந்தப் படத்தின் சுருள்களை மேசையில் வைத்து வெட்டியும் ஒட்டியும் அதற்கு இன்றுள்ள வடிவத்தைக் கொடுத்தவர் யார் என்ற வினாவுக்குப் பெரும்பாலான கட்டுரைகளில் விடை இராது. இருந்தாலும் அடைப்புக்குறிக்குள் ஒரு பெயராக மட்டுமே இருக்கும்: படத்தொகுப்பு, பீனா பால்.

பெயர் அறியப்படாத ஒருவரின் பெயரன்று இது. கேரளப் பன்னாட்டுத் திரைப்பட விழாவுக்கு ஒருமுறையேனும் சென்றவர்கள் அவரை அறிவார்கள். அவ்விழாவின் கலை இயக்குநராக நீண்ட காலம் இருந்தவர். கேரள மாநிலச் சலச்சித்திர அகாதெமியின் துணைத்தலைவராகப் பணியாற்றியவர். 2017இல் உருவான திரைத்துறைப் பெண்கள் கூட்டமைப்பின் நிறுவனர்களுள் ஒருவர். ஆனால் இவை அனைத்தும் அவருடைய இரண்டாவது வாழ்க்கை. முதல் வாழ்க்கை புனே திரைப்பட, தொலைக்காட்சி நிறுவனத்தில் படத்தொகுப்புப் பயின்று 1983இல் வெளிவந்ததிலிருந்து தொடங்குகிறது. அது இன்றுவரை நீள்கிறது. அதைப் பற்றித்தான் எழுத்து இல்லை. விழா மேடையில் தெரிந்த முகம் மேசைக்குப் பின்னால் இருந்த முகத்தை மறைத்துவிட்டது. புகழ் ஒருவரை மறைப்பதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு தென்னிந்தியத் திரைப்பட வரலாற்றில் கிடைப்பது அரிது.

‘அம்ம அறியா’னையே எடுத்துக்கொள்ளலாம். படிப்பு முடித்து மூன்றே ஆண்டுகளான ஒருவரின் கைக்கு வந்த படம் அது. வயநாட்டிலிருந்து தில்லிக்குப் புறப்படும் புருஷன் என்னும் இளைஞன் வழியில் ஒரு பிணத்தைக் காண்கிறான். தற்கொலை செய்துகொண்ட அந்த முகம் எங்கோ பார்த்த முகமாக இருக்கிறது. தில்லிப் பயணத்தைக் கைவிட்டு, இறந்தவன் யார் என்று விசாரித்து, அவனுடைய தாயிடம் செய்தி சொல்லக் கோழிக்கோடு வழியாகக் கொச்சி நோக்கிச் செல்கிறான். ஒவ்வோர் ஊரிலும் ஒரு நண்பன் சேர்ந்துகொள்கிறான். ஒவ்வொருவனும் தன் தாயிடம் விடைபெறுகிறான். இவை எல்லாம் புருஷன் தன் தாய்க்கு எழுதும் கடிதமாக விரிகின்றன. இடையிடையே மருத்துவ மாணவர் போராட்டம் முதலான அக்கால நிகழ்வுகள் ஆவணப்படத்தின் சாயலில் வந்து போகின்றன.

இத்தகைய படத்துக்கு ‘கதை’ என்ற முதுகெலும்பு மிக மெல்லியது. கூட்டம் பெருகிக்கொண்டே போகிறது என்ற உணர்வும், ஒரு தாயின் முகத்துக்கும் அடுத்த தாயின் முகத்துக்கும் இடையே சேரும் கனமும், ஆவணக் காட்சியிலிருந்து புனைவுக்குத் திரும்பும்போது பார்வையாளர் இடறாமல் நடப்பதும் பெருமளவுக்கு அடுக்குமுறையால் விளைபவை. எந்தத் தாய் முன்னால், எந்தத் தாய் பின்னால். எந்தப் போராட்டக் காட்சி எத்தனை நொடி. எங்கே கடிதக் குரல் நிற்கிறது, எங்கே மௌனம் தொடங்குகிறது. இவற்றுள் எது ஜானின் முடிவு, எது பீனா பாலின் முடிவு, எது இருவரும் விவாதித்து எட்டியது என்பதைத் திரையைப் பார்த்துச் சொல்ல இயலாது. ‘இயலாது’ என்பதோடு ஆய்வாளர்கள் நிறுத்திக்கொண்டு முழுவதையும் இயக்குநர் கணக்கில் வரவு வைத்துவிடுவதுதான் சிக்கல். இயக்குநர் மறைந்து நாற்பது ஆண்டுகளை நெருங்கும் நிலையில், அந்தப் படம் உருவான விதத்துக்குச் சாட்சியாக இருப்பவர்கள் அதைத் தொகுத்த பீனா பாலும் ஒளிப்பதிவு செய்த வேணுவும் எஞ்சிய ஒடேசாக்காரர்களும்தாம். ஜானைப் பற்றிய நினைவுகளைக் கேட்டு அவர்களிடம் சென்றவர்கள் பலர் இருக்கலாம். மேசையில் நடந்ததைப் பற்றிக் கேட்டுச் சென்றவர்களின் எழுத்து எங்கே?

படச்சுருள் காலத்துப் படத்தொகுப்பு எப்படி நடந்தது என்பதை இன்றைய மாணவர்களுக்குச் சற்று விளக்கியாக வேண்டும்; கணினித் திரையில் வரிசையை இழுத்துப்போட்டுப் பழகியவர்களுக்கு அது கற்பனைக்கு எட்டாது. எடுத்த காட்சிகள் பாசிட்டிவ் பிரதியாக அச்சிடப்பட்டு வரும். ஒலி தனியாக ஒரு காந்தச் சுருளில் இருக்கும். கிளாப் பலகை மூடும் ஃபிரேமையும் அந்த ‘டப்’ ஒலியையும் பொருத்தி, ஒவ்வொரு ஷாட்டையும் ஒலியோடு இணைப்பதற்கே உதவியாளர்களுக்கு நாட்கணக்கு ஆகும். பிறகு ஸ்டீன்பெக் அல்லது மூவியோலா இயந்திரத்தில் ஓட்டிப் பார்த்து, மெழுகுப் பென்சிலால் ஃபிரேமில் கோடிட்டு, வெட்டி, ஒட்டுநாடாவால் இணைப்பார்கள். வெட்டியெறிந்த துண்டு இரண்டு ஃபிரேமாக இருந்தாலும் எண்ணிட்டுப் பத்திரப்படுத்த வேண்டும். நாளை இயக்குநர் அதைத் திரும்பக் கேட்பார். இறுதியில் சுருளின் ஓரத்து எண்களைக் கொண்டு நெகட்டிவை வெட்டுவார்கள். அந்த வெட்டுக்கு மறுவெட்டு கிடையாது. ஆகவே ஒவ்வொரு முடிவுக்கும் முன்னால் நீண்ட யோசனை இருந்தது. யோசனையின் தடயம் குறிப்பேடுகளிலும் துண்டுகளிலும் இருந்தது. பழைய சுருள்களை வெள்ளிக்காக உருக்கிய நாட்டில் அத்துண்டுகள் என்னவாகியிருக்கும் என்று சொல்லத் தேவையில்லை. குறிப்பேடுகள் சில வீடுகளின் பரணில் இன்னும் இருக்கக்கூடும். கணினிக்கு மாறிய பின் நிலைமை மேம்பட்டுவிட்டது என்றும் எண்ண வேண்டாம். படம் வெளியானதும் கோப்புகளை அழித்து, வட்டைக் காலிசெய்து, அடுத்த படத்துக்கு எடுத்துக்கொள்வது வழக்கமாகிவிட்டது.

பீனா பாலின் பணியில் தமிழ் வாசகர்கள் தனியே கவனிக்க வேண்டிய படம் ரேவதி இயக்கிய ‘மித்ர், மை ஃபிரண்ட்’. ஒளிப்பதிவு ஃபௌசியா ஃபாத்திமா, இசை பவதாரிணி, எழுத்தில் வி. பிரியாவும் சுதா கொங்கராவும், படத்தொகுப்பு பீனா பால். பெண்களால் ஆன தொழில்நுட்பக் குழு என்பதே அப்போது செய்தியாயிற்று. அதன்பின் அந்தச் செய்தியைத் தாண்டி எவரும் உள்ளே செல்லவில்லை. சிதம்பரத்திலிருந்து மணமாகிக் கலிபோர்னியா சென்ற ஒரு பெண், கணவனும் மகளும் விலகிப்போன வீட்டில், இணைய அரட்டையில் முகமறியாத நண்பன் ஒருவனைக் கண்டடைகிறாள். அந்த நண்பன் வேறு யாருமல்லன், அதே வீட்டில் இருக்கும் கணவனே என்பது இறுதியில் தெரியவருகிறது. இக்கதையைத் தொகுப்பவருக்கு முன்னுள்ள இடர் எளிதில் கண்ணுக்குத் தெரியாது. உரையாடல் என்றால் இருமுகம் காட்டுவது திரைமொழியின் அடிப்படை வழக்கம். பேசுபவரைக் காட்டி, கேட்பவருக்கு வெட்டுவார்கள். இங்கே ஒரு முகத்தை மறைத்தே ஆகவேண்டும். மறைக்கிறார்கள் என்ற ஐயமும் எழக்கூடாது. விசைப்பலகைக்கும் திரையெழுத்துக்கும் சோபனாவின் முகத்துக்கும் இடையில் மட்டுமே உரையாடலை உயிரோடு வைத்திருக்க வேண்டும். 2001ஆம் ஆண்டுக்கான சிறந்த படத்தொகுப்பு தேசிய விருது இந்தப் படத்துக்காகப் பீனா பாலுக்குக் கிடைத்தது. அப்படம் சிறந்த ஆங்கிலப் படமாகவும், சோபனா சிறந்த நடிகையருள் ஒருவராகவும் அதே விழாவில் தேர்வாயினர். மூன்று விருதுகளுள் பேசப்பட்டது எது என்பது ஊரறிந்த கதை.

அதே ஆண்டின் விருதுப் பட்டியலில் இன்னொரு பெயரும் உண்டு: ஜெயகாந்தனின் படைப்பிலிருந்து ‘ஊருக்கு நூறு பேர்’ எடுத்த பி. லெனின், சிறந்த இயக்குநர். ‘நாயகன்’ முதலிய படங்களை வி. டி. விஜயனோடு இணைந்து தொகுத்த லெனின் தமிழ்ப் பார்வையாளர்கள் பெயரால் அறிந்த மிகச் சில படத்தொகுப்பாளர்களுள் ஒருவர். அவரைப் பற்றிக்கூட இயக்குநராக, அமைப்பாளராக, நேர்மையாளராக எழுதப்பட்ட அளவுக்கு, ‘உதிரிப்பூக்க’ளின் ஒரு காட்சியை எங்கே முடித்தார், ஏன் அங்கே முடித்தார் என்று எழுதப்படவில்லை.

இந்தப் புறக்கணிப்புக்குக் கோட்பாட்டு நியாயம் ஒன்று கைவசம் இருக்கிறது. நல்ல படத்தொகுப்பு கண்ணுக்குத் தெரியாது என்பார்கள். ஒருவகைத் திரைப்படங்களுக்கு இது உண்மைதான். ஆனால் வெட்டு தெரியக்கூடாது என்ற அழகியல் விதியை வெட்டியவரும் தெரியக்கூடாது என்ற சமூக விதியாக நீட்டுவதற்கு எந்தத் தர்க்கமும் இல்லை. பாலத்தின் அடித்தளம் தண்ணீருக்குள் இருப்பதால் பொறியாளரின் பெயரைக் கல்வெட்டிலிருந்து எவரும் நீக்குவதில்லை.

பெண் என்பதும் இதில் கலந்திருக்கிறது. திரைப்படத்தின் தொடக்கக் காலத்தில் அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் வெட்டும் அறைகளில் பெண்கள் மிகுதியாக இருந்தனர். தையலைப் போன்ற நுண்ணிய கைவேலை, பொறுமை வேண்டும், கூலி குறைவு என்ற கணக்கில் அவ்வேலை அவர்களுக்கு ஒதுக்கப்பட்டது. ‘மேன் வித் எ மூவி கேமரா’ (1929) என்றதும் ஜிகா வெர்தோவின் பெயர் வரும். அதைத் தொகுத்த எலிசவேதா ஸ்விலோவா அப்படத்துக்குள்ளேயே மேசையில் அமர்ந்து வெட்டிக்கொண்டிருப்பதைப் பார்த்த பின்னும் வெர்தோவின் பெயரே வரும். இந்தியாவில் ‘பரிந்தா’, ‘தாராவி’, ‘சர்தார்’, ‘காட்மதர்’ ஆகிய படங்களுக்காக நான்கு முறை தேசிய விருது பெற்ற ரேணு சலுஜா 2000இல் மறைந்தார். அவரை முழுமையாக ஆராய்ந்த தமிழ்க் கட்டுரை ஒன்றைத் தேடிப் பிடிப்பது கடினம். பீனா பாலின் நிலையில் இன்னொரு மறைப்பும் சேர்ந்துகொள்கிறது: ஒளிப்பதிவாளரும் இயக்குநருமான வேணுவின் மனைவி என்னும் அறிமுகம். வேணு இயக்கிய ‘தயா’, ‘முன்னறியிப்பு’, ‘கார்பன்’ ஆகியவற்றைத் தொகுத்தவர் அவர். ஆகவே அவை ‘வீட்டுப் படங்கள்’ ஆகிவிடுகின்றன. கணவனும் மனைவியும் சேர்ந்து பணியாற்றினால் கணவனுக்குக் கலை, மனைவிக்கு ஒத்தாசை என்று பிரித்துக்கொடுக்கும் பழக்கம் விமர்சகர்களிடமும் உண்டு.

‘முன்னறியிப்பு’ (2014) படத்தைத் தொகுப்பு நோக்கில் ஒருமுறை பார்த்தால் போதும், இந்தப் பாகுபாடு நிற்காது. தண்டனைக் காலம் முடிந்தும் சிறையில் இருக்கும் ராகவனிடமிருந்து ஒரு நூலை எழுதி வாங்க இளம் பத்திரிகையாளர் அஞ்சலி முயல்கிறார். படத்தின் பெரும்பகுதி எழுதாமையின் கதை. அறை, நாற்காலி, வெற்றுத்தாள், நாள் கடந்துபோதல். வழக்கமான திகில் படமாக இருந்தால் நெருங்கும் கெடுவை வெட்டுகளின் வேகத்தால் உணர்த்தியிருப்பார்கள். இங்கே வேகம் அஞ்சலியிடம் மட்டும் கூடுகிறது. ராகவன் வரும் காட்சிகள் அதே நிதானத்தில் கிடக்கின்றன. ஒரே படத்துக்குள் இரண்டு கடிகாரங்கள் ஓடுகின்றன. கடைசி நிமிடத்தில் அவை ஒன்றாகும்போது ஏற்படும் அதிர்ச்சி திரைக்கதையிலும் நடிப்பிலும் இருந்து மட்டும் வந்ததாக எழுதுவது அரைகுறை வாசிப்பு.

‘கார்பன்’ (2018) வேறு வகை. புதையல் தேடிக் காட்டுக்குள் சென்று வழிதவறும் சிபியின் பிற்பகுதிப் பயணத்தில் எது நிகழ்வு, எது பிரமை என்று அறுதியிட முடியாதபடி காட்சிகள் ஒன்றில் ஒன்று கரைகின்றன. உறூபின் சிறுகதையை வைத்து வேணு எடுத்து, ‘ஆணும் பெண்ணும்’ (2021) தொகைப்படத்தில் இடம்பெற்ற ‘ராச்சியம்மா’வோ தேயிலைத் தோட்டத்து வாழ்வை அவசரமின்றிச் சொல்கிறது. இடுக்கி மலைச்சரிவுகளில் வாழும் தமிழர்களுக்கு இத்தகைய படங்களில் காடும் தோட்டமும் பின்னணிக் காட்சிகளல்ல, அன்றாடம். தங்கள் மலை திரையில் எந்த ஒழுங்கில், எவ்வளவு நேரம், எந்த ஒலியோடு காட்டப்படுகிறது என்பதில் அவர்களுக்கு ஒரு தனி நியாயம் உண்டு. மலையை அழகுக் காட்சியாக மூன்று நொடி காட்டிவிட்டு நகர்வதா, ஒருவர் அதில் ஏறி மூச்சு வாங்கும்வரை காத்திருப்பதா என்பதை இறுதியில் அளந்து வெட்டும் இடம் படத்தொகுப்பு அறை.

எல்லைப் பகுதியைக் குறிப்பிட்டுப் பேசக் காரணம் உண்டு. பாலக்காட்டின் சித்தூர், கொழிஞ்சாம்பாறை வட்டாரமும் இடுக்கியின் தேவிகுளம், பீருமேடு வட்டாரமும் 1956 மொழிவழிப் பிரிவினைக்குப் பின் கேரளத்தில் நிலைத்த தமிழர் வாழிடங்கள். இங்குள்ள மாணவர்கள் இரு மொழிப் படங்களையும் உரைத்தொடர் இல்லாமல் பார்ப்பவர்கள். ஆனால் கல்வித் துறைகள் மொழிவாரியாகப் பிரிந்து கிடக்கின்றன. தமிழ்த் துறை மலையாளப் படத்தை மலையாளத் துறையின் சொத்தாகக் கருதும். மலையாளத் துறை தமிழ்ப் படத்தை அவ்வாறே விட்டுவிடும். படத்தொகுப்பு போன்ற தொழில்களின் வரலாறோ மொழி எல்லையை மதித்ததே இல்லை. சித்ராஞ்சலி ஸ்டுடியோ 1980இல் திருவனந்தபுரத்தில் வருவதற்கு முன்பும் அதன்பின் சில காலமும் மலையாளப் படங்களில் பெரும்பாலானவை கோடம்பாக்கத்தில் வெட்டி ஒட்டப்பட்டவை. ஒரே மேசையில் காலையில் தமிழும் மாலையில் மலையாளமும் ஓடிய காலம் அது. அந்த வரலாறு இரு துறைகளுக்கும் நடுவே விழுந்து காணாமற்போகிறது. இரண்டையும் படிக்கத் தெரிந்தவர்கள் வாளையாற்றுக்கு இப்பக்கம் இருந்தும் அதைக் கையில் எடுக்கவில்லை.

பீனா பாலின் விழாப் பணியை இங்கே எதிர்த்தரப்பில் நிறுத்துவது நியாயமாகாது. கேரள விழாவின் போட்டிப் பிரிவு ஆசிய, ஆப்பிரிக்க, இலத்தீன் அமெரிக்கப் படங்களுக்கு உரியது. எதை எடுப்பது, எதை விடுவது, எதன் அருகில் எதை வைப்பது என்று தீர்மானிப்பதும் ஒருவகைத் தொகுப்பு வேலையே. பெருந்தொற்றுக் காலத்தில், 2021இல், 25ஆவது விழா திருவனந்தபுரம், கொச்சி, தலச்சேரி, பாலக்காடு என நான்கு இடங்களில் பிரித்து நடத்தப்பட்டபோது, ஒவ்வோர் ஆண்டும் டிசம்பரில் தலைநகருக்கு ரயிலேறிய பாலக்காட்டு ரசிகர்களுக்குத் தங்கள் ஊரிலேயே அவ்விழா கிடைத்தது.

அவ்விழாவில் கொண்டாடப்படும் இலத்தீன் அமெரிக்கத் திரைப்படங்களிலும் இதே கதைதான் என்பது கசப்பான வேடிக்கை. கிளாபர் ரோஷாவின் பெயரைச் சொல்லாத கேரளத் திரைப்படக் கழகம் இராது. பிரேசிலின் புதிய சினிமாவை வடிவமைத்த எதுவார்து எஸ்கொரேலின் பெயரை அங்கே கேட்டிருக்கக்கூடியவர்கள் சிலரே. ரோஷாவின் ‘தெர்ரா எம் திரான்சே’ (1967) அவர் தொகுத்தது. ஜோக்கிம் பெத்ரோ தெ அந்திராதேயின் ‘மக்குனைமா’ (1969) அவர் தொகுத்தது. எதுவார்து கூச்சின்யோவின் ‘காப்ரா மார்க்காது பாரா மொர்ரேர்’ (1984) அவர் கைபட்டது. கொலையுண்ட விவசாயச் சங்கத் தலைவர் ஒருவரின் வாழ்வை, அவருடைய மனைவியையே நடிக்கவைத்துப் படமாக்கத் தொடங்கியபோது 1964 இராணுவப் புரட்சி வந்து படப்பிடிப்பு நின்றது. 17 ஆண்டுகள் கழித்து இயக்குநர் திரும்பிச் சென்று, தலைமறைவாக வாழ்ந்த அந்தப் பெண்ணைத் தேடிப் பிடித்துப் பழைய சுருளைக் காட்டினார். பழைய கருப்புவெள்ளைப் புனைவும் புதிய வண்ண ஆவணமும் மோதும் அந்தப் படத்தில் ஒவ்வொரு வெட்டும் 17 ஆண்டுகளைத் தாண்டுகிறது. அதற்கு இரண்டே ஆண்டுகள் பின்னர் வந்த ‘அம்ம அறியா’னிலும் புனைவும் ஆவணமும், இறந்தவனைத் தேடும் பயணமும், செய்தி சேரவேண்டிய ஒரு பெண்ணும் உண்டு. இரண்டையும் அருகருகே வைத்து, இயக்குநர்களை ஒதுக்கிவிட்டு எஸ்கொரேலையும் பீனா பாலையும் மட்டும் ஒப்பிட்டு ஒரு முனைவர் பட்ட ஆய்வேடு எழுத முடியும். எழுதப்பட வேண்டும்.

இதற்கு வரும் மறுப்பு தெரிந்ததே: படத்தொகுப்பாளரின் பங்கைத் தனியே பிரித்தெடுக்கச் சான்று இல்லை. சான்று இல்லாததற்குக் காரணம் கேட்காததுதான். இயக்குநர்களோடு நிகழ்த்திய நேர்காணல்கள் நூல்நூலாக உள்ளன. படத்தொகுப்பாளரை அருகில் அமர்த்தி, அவர் தொகுத்த படத்தையே ஓட்டி, ‘இந்த ஷாட்டில் ஏன் இவ்வளவு நேரம் நின்றீர்கள்? முதலில் வெட்டிய வடிவத்தில் இந்தக் காட்சி எங்கே இருந்தது? எதை நீக்கினீர்கள்? யார் எதிர்த்தார்கள்?’ என்று கேட்டுப் பதிவுசெய்வதற்குப் பெருஞ்செலவு ஆகாது. ஒரு மடிக்கணினி, ஒரு ஒலிப்பதிவுக் கருவி, படத்தை நான்கு முறை பார்த்துத் தயாரான ஒரு மாணவர். அப்பதிவை இரு மொழிகளிலும் எழுத்தாக்க, எல்லையோரத்து மாணவரைவிடப் பொருத்தமானவர் எவருமில்லை. சித்தூர் அரசுக் கல்லூரியில் தமிழ்த் துறை உண்டு. ஆய்வுத் தலைப்புகளுக்கு அங்கே பஞ்சம் என்று எந்த ஆண்டும் குறைப்பட்டுக்கொள்ளாத மாணவர் இருக்க மாட்டார். எல்லாத் துறைகளிலும் இதே நிலைதான்.

நீதிபதி ஹேமா குழுவின் அறிக்கை 2019 இறுதியில் அரசிடம் கொடுக்கப்பட்டு, 2024 ஆகஸ்டில்தான் வெளியானது. அக்குழு அமையக் காரணமான பெண்கள் கூட்டமைப்பைப் பற்றி ஆய்வுகள் இனி நிறைய வரும். பீனா பாலின் பெயர் அவற்றில் தவறாமல் இடம்பெறும். போராளியாகவும் விழா அமைப்பாளராகவும் அவர் நூல்களுக்குள் சென்றுவிடுவார். படத்தொகுப்பாளராக அவர் செல்ல வேண்டுமானால் வேறு ஒருவர் இப்போதே மெனக்கெட வேண்டும். சலச்சித்திர அகாதெமியின் ஆய்வு மையமும் காப்பகமும் கழக்கூட்டத்தில் இருக்கின்றன. சித்ராஞ்சலி திருவல்லத்தில் இருக்கிறது. மதுரை, பொள்ளாச்சி, கொல்லங்கோடு வழியாக வரும் அமிர்தா விரைவு வண்டியில் பாலக்காட்டில் இரவு ஏறினால், விடிவதற்குள் திருவனந்தபுரம்.